ஏறாத தவணை

முதல் சப்பாத்தி எப்போதும் கோணலாகத்தான் வரும். குந்தா கானேகர் அதைக் கல்லிலிருந்து எடுத்து ஜன்னல் கம்பிக்கு வெளியே வைத்து, "உன் பங்கு அவ்வளவுதான். மறுபடி வந்து கத்தினே, கரண்டி பறக்கும்" என்று காகத்தை எச்சரிப்பாள். அதற்குப் பிறகு வருகிறவை எல்லாம் ஒரே அச்சு. டோம்பிவ்லி கிழக்கில், லிஃப்ட் இல்லாத கட்டடத்தின் மூன்றாவது மாடியில், விடிவதற்குள் நூற்றிருபது. மும்பை ரயிலைப் பிடிக்க ஓடுகிற பதின்மூன்று வீட்டுக்காரர்களின் மதியச் சாப்பாட்டு டப்பாக்கள் அவளை நம்பித்தான் மூடிக்கொண்டன.

சமையல் மேடைக்கு முன் நின்றபடியே இடுவாள். இத்தனை வருடத்தில் வலது தோள் இடது தோளைவிட ஒரு விரற்கடை இறங்கிவிட்டது. தையல்காரருக்கு இது தெரியும். அவளிடம் எதுவும் கேட்காமல் ரவிக்கையின் ஒரு பக்கத்தைச் சற்று இறக்கித் தைத்துவிடுவார். கை ஓடுகிறபோது வாய் சும்மா இருக்காது. மாவு மில்காரன், சிலிண்டர் போடுகிறவன், தாமதமாக வருகிற ரயில், வராமலே போகிற தண்ணீர், எல்லோருக்கும் வரிசையாக அர்ச்சனை நடக்கும். கெட்ட வார்த்தை ஒன்றுகூட வராது. "நல்லா இருக்கட்டும் அவன். ஆனா ஒரு நாள், ஒரே ஒரு நாள், மே மாசத்துல, என் அடுப்புக்கு முன்னாடி வந்து நல்லா இருக்கட்டும்."

உலகத்துப் பொருள்களுக்கெல்லாம் அவளிடம் ஒரே நாணயம்தான். மின்விசிறி ஐநூறு சப்பாத்தி. கணவர் மாதவின் மூக்குக் கண்ணாடி எழுநூறு. சப்பாத்தி ஒன்றை எட்டு ரூபாய்க்கு விற்றாலும் கணக்குப் போடுவது மூன்று ரூபாய்க்கு. "மாவுக்காரன் காசும் கேஸ்காரன் காசும் என் காசா? கையில நிக்கிறதுதான் காசு" என்பாள். கடைக்காரர்கள் விலை சொன்னதும் அவள் உதடு லேசாக அசையும். பாதி நேரம் பொருளை அங்கேயே வைத்துவிட்டு வந்துவிடுவாள்.

வீட்டுக்கு மட்டும் அந்த நாணயத்தில் அவள் விலை போட்டுப் பார்த்ததே இல்லை. வீடு அவள் மனதில் மாதத் தவணையாகவே இருந்தது. ஆறாயிரத்து நானூற்று நாற்பத்தைந்து. மாதவின் சம்பளம் சாப்பாட்டுக்கு, அவள் சப்பாத்தி வீட்டுக்கு. ஐந்தாம் தேதி தவணை தவறியதில்லை. மாதவின் தகப்பனார் இறந்த மாதம்கூடத் தவறவில்லை.

இருபது வருடத்துக்கு முன் மராத்தி வருடப் பிறப்பான பாட்வா நாளில்தான் வீட்டுக் கடனுக்குக் கையெழுத்தானது. அன்று வீடு பதிவு செய்கிறவர்கள் கூட்டம் அந்த ஊரில் எப்போதுமே அதிகம். இன்னும் முளைக்காத கட்டடத்தின் முன்னால் பந்தல். ஒரு மூலையில் புரோகிதர், இன்னொரு மூலையில் வங்கியின் ஆள். முகூர்த்தம் முடியப் போகிறது. எட்டு லட்ச ரூபாய்க் கடனுக்கு ஒரு கட்டுத் தாள். இரண்டாம் பக்கத்திலேயே குந்தா, "இந்த வட்டி மாறும்னு போட்டிருக்கே, மாறினா என்ன ஆகும்?" என்று வாயெடுத்தாள். மாமியார், மாதவ், பின்னால் வரிசையில் நின்றவர்கள் எல்லோரும் ஒன்றாகப் பாய்ந்தார்கள்: "நல்ல நேரத்துல சந்தேகம் கேக்காதே!" அவளும் நேரம் காலம் பார்க்கிறவள்தான். மளமளவென்று கையெழுத்துப் போட்டுத் தள்ளினாள். பிறகு படித்துக்கொள்ளலாம் என்று கொண்டுவந்த கட்டு பூஜை அலமாரிக்குப் போயிற்று. தசராவுக்குத் தசரா அதற்குக் குங்குமம் வைத்துக் கும்பிட்டார்கள். பிரித்ததில்லை.

அன்று இரவே மாதவிடம் அவள் ஒரு நிபந்தனை போட்டிருந்தாள். "இருபது வருஷம். பத்திரம் கைக்கு வர்ற அன்னிக்கு நான் நிறுத்திடுவேன். அதுக்கப்புறம் ஊருக்கு மாவு பிசையச் சொல்லக் கூடாது. உங்களுக்கு வேணும்னா ரெண்டு போடுவேன், அதுவும் கேக்கிற விதத்துல கேட்டா."

மாதவ் ஒரு சாயத் தொழிற்சாலையில் நிறம் ஒத்துவருகிறதா என்று பார்க்கிறவர். சாதுவான மனிதர். அவருக்கு இருந்த ஒரே பெருமை அந்தத் தவணைதான். நடுவில் வட்டி ஏறியபோது எதிர்வீட்டு ரேகே வங்கிக்கு ஓடி, இனிமேல் தவணையைக் கூட்டிக் கட்டுகிறேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார். மாதவ் போகவில்லை. அவர் தவணை இருந்த இடத்திலேயே இருந்தது. ஒவ்வொரு வருடமும் கணபதிப் பந்தலில் அவர் ரேகேயின் முதுகில் தட்டுவார். "பயந்தவன்கிட்டதான்யா பேங்க் புடுங்கும். என் தவணையைப் பாரு, ஒரு பைசா ஏறல!"

குந்தாவும் விட்டுவைக்கவில்லை. ரேகேயின் மனைவி உஷாவிடம் மாடிப்படியில் வைத்தே கேட்டாள்: "உன் புருஷன் வீட்டுக்குக் கட்டறாரா, இல்ல மேனேஜர் பொண்ணு கல்யாணத்துக்கு மொய் எழுதறாரா?"

போன தசராவுக்கு ரேகே வீட்டில் சத்தியநாராயண பூஜை. கடன் தீர்ந்து பத்திரம் வந்துவிட்டது. வாழைப்பழம் போட்டுக் கிண்டிய பிரசாதக் கேசரியைக் குந்தா இரண்டு கிண்ணம் சாப்பிட்டாள். "பாட்வாவுக்கு எங்க வீட்டுல. நாப்பது பேரக் கூப்பிடப் போறேன்" என்றாள். மாதவும் மே மாதம் ஓய்வு பெறுகிறார். எல்லாம் கூடி வந்திருந்தது.

பங்குனி பிறந்ததுமே பதின்மூன்று வீடுகளுக்கும் ஏறி இறங்கித் தகவல் சொல்லிவிட்டாள். பாட்வாவோடு சரி, வேறு ஆள் பார்த்துக்கொள்ளுங்கள். ஒரு வீட்டில் புடவை வைத்துக் கொடுத்தார்கள். ஒரு வீட்டில் கண் கலங்கினார்கள். ஒரே வாரத்தில் பதின்மூன்று வீடுகளும் வேறு ஆள் பிடித்துவிட்டன. அதிலும் அவளுக்குக் கோபம்தான். "கண்ணு கலங்கினாளே, அவதான் மொதல்ல ஆள் பிடிச்சது!"

பாட்வா அன்று வங்கி கிடையாது என்பதால் முதல் நாளே இருவரும் பத்திரம் வாங்கப் போனார்கள். பத்திரத்தைச் சுற்றி எடுத்துவர ஒரு பட்டுத் துண்டு. அங்கே இருக்கிறவர்களுக்கு ஒரு பெட்டி பேடா. கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் இருந்த பையன் பெயர் ஸ்வானந்த். முப்பது வயது ஆகியிருக்காது. பேடாவை வாயில் போட்டு முழுவதும் தின்று முடித்துவிட்டுத்தான் கணினியைப் பார்த்தான். அதை மட்டும் அவள் இன்றுவரை மன்னிக்கவில்லை.

"காகூ, இன்னும் ஆறு வருஷம் எட்டு மாசம் இருக்கே."

காகூ என்றால் சித்தி, காகா என்றால் சித்தப்பா. முறை வைத்துக் கூப்பிட்டுத்தான் சொன்னான்.

"யாருக்கு?"

"உங்களுக்குத்தான். அசல் பாக்கி மூணு லட்சத்து எண்பத்து நாலாயிரம்."

மாதவ் சிரித்தார். "வேற கானேகரா இருக்கும் தம்பி. நல்லாப் பாரு. என் தவணை ஏறவே இல்ல."

"அதான் காகா. வட்டி ஏறிச்சு இல்லையா? தவணைய ஏத்தாம வருஷத்த நீட்டியிருக்காங்க. உங்க வசதிக்காகத்தான்."

"யாரு கேட்டா அந்த வசதிய?" என்றாள் குந்தா.

"யாரும் ஒண்ணும் சொல்லலன்னா சிஸ்டம் தானாவே அப்படிப் பண்ணிடும் காகூ."

"தம்பி, நான் ஒரு சப்பாத்திக்கு ஒரு ரூபா ஏத்தினா பதிமூணு வீட்டுப் படியேறிச் சொல்லிட்டு வரேன். நீங்க என் ஆயுசுல ஏழு வருஷத்த ஏத்திட்டு ஒரு வார்த்தை சொல்லலியே?"

"வெப்சைட்ல போட்டிருக்கோமே."

"அது எத்தனாவது மாடி?"

வரிசையில் யாரோ சிரித்தார்கள். ஸ்வானந்தின் தலைக்கு மேல் ஒரு விளம்பரம்: புது வீட்டு வாசலில் ஒரு இளம் ஜோடி, அவர்கள் காலடியில் எட்டரை சதவீதம். குந்தா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எங்களுக்கு என்ன வட்டி?"

"ஒன்பதே கால்."

"நேத்து வந்தவங்களுக்கு எட்டரை. இருபது வருஷமா தேதி தவறாதவளுக்கு ஒன்பதே காலா?"

"நீங்க வந்து கேட்டிருந்தா ஒரு சின்னக் கட்டணம் வாங்கிட்டு மாத்திக் குடுத்திருப்போம் காகூ."

"கேக்கலாம்னு யாரு எனக்குச் சொல்றது?"

ஸ்வானந்த் விசைப்பலகையை ஒரு தட்டுத் தட்டினான். அவள் நாற்காலியை முன்னால் இழுத்தாள்.

"மாசம் எவ்வளவுன்னு எனக்கே தெரியும். மொத்தம் சொல்லு."

"அப்படி மொத்தமாப் பாக்கக் கூடாது காகூ, வட்டியும் அசலும் மாசா மாசம் மாறி மாறி..."

"எப்படிப் பாக்கணும்னு நான் பாத்துக்கறேன். நீ சொல்லு."

சொன்னான். வாங்கியது எட்டு லட்சம். இதுவரை கட்டியது பதினைந்து லட்சத்து நாற்பத்தேழாயிரம். இப்படியே போனால் இன்னும் ஐந்து லட்சத்துப் பதினைந்தாயிரம். சொல்லச் சொல்ல அவன் குரலே தணிந்துகொண்டு வந்தது. அவனும் ஒரு வீட்டுக் கடனில் இருந்திருக்க வேண்டும்.

குந்தாவின் உதடு அசைந்தது. கடைகளில் அசைவதைவிட நெடுநேரம் அசைந்தது.

"ஒரு லட்சத்து எழுபதாயிரம்" என்றாள் மாதவிடம். "இன்னும் ஒரு லட்சத்து எழுபதாயிரம் சப்பாத்தி. கட்டினத விடுங்க. எட்டுக்குப் பதினஞ்சு கட்டறோம்னே எனக்கு இன்னிக்குத்தான் தெரியும். ஒரு பைசா ஏறல, ஒரு பைசா ஏறலன்னு ஊரெல்லாம் தம்பட்டம் அடிச்சீங்களே! ரேகே வீட்டுல ரெண்டு கிண்ணம் தின்னுட்டு வந்தேனே!"

மாதவ் சாயம் ஏறிய தன் விரல்களைத் தேய்த்துவிட்டுக்கொண்டார். பிறகு, "மே மாசம் எனக்குப் பணிக்கொடை வருது. அதுல மொத்தமாக் கட்டி முடிச்சிடலாம்" என்றார். அந்தப் பணத்துக்கு அவரிடம் வேறு யோசனை இருந்தது அவளுக்குத் தெரியும். கொங்கண் பக்கம் கடலோரமாக ஒரு வாரம் இருவரும் போய் இருப்பது. அதை அவர் சொல்லவில்லை.

ஸ்வானந்துக்கு உயிர் வந்தது. "நல்ல யோசனை காகா. இன்னிக்கே விண்ணப்பம் குடுத்துடுங்க. நாளைக்கு பாட்வா, நல்ல நாள் பாத்து ஆரம்பிச்ச மாதிரி இருக்கும். காகூவும் இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு. சீக்கிரம் போட்டுட்டா நல்லது, கவுண்டர் மூடற நேரம்."

மாதவ் போட்டுவிட்டார். பேனாவை அவளிடம் நீட்டினார். அவள் வாங்கவில்லை.

"கட்ட மாட்டேன்னு சொல்லல. தவணையும் தவறினதில்ல, இதுவும் தவறாது. மே மாசம் வரைக்கும் உங்க சம்பளத்துல கட்டுங்க, அப்புறம் மொத்தமா முடிங்க. நான் நாளைக்கு மாவுல கை வைக்கப் போறதில்ல. அதுல மாத்தம் கெடையாது." பிறகு கண்ணாடித் தடுப்பைப் பார்த்துத் திரும்பினாள். "ஆனா மொதல்ல நீ எழுது. எந்த மாசம் வட்டி ஏறிச்சு, அன்னிக்கு எத்தன மாசம் நீட்டினீங்க, நீட்டறதுக்கு முன்னாடி யாரக் கேட்டீங்க. வரிசையா. அடியில கையெழுத்து."

"காகூ, அப்ப நான் ஸ்கூல்ல படிச்சிட்டிருந்தேன்!"

"அப்ப உங்க பெரியவரக் கூப்பிடு."

"அவர் பண்டிகைக்கு ஊருக்குக் கிளம்பறார்."

"கிளம்பறாருன்னா இன்னும் இங்கதான இருக்காரு? கூப்பிடு."

பின்னால் டோக்கனோடு நின்ற ஒருவர் எட்டிப் பார்த்தார். "வஹினி, அப்படியே எனக்கும் ஒண்ணு எழுதச் சொல்லுங்க. எனக்கும் தவணை ஏறவே இல்ல." அண்ணி என்று உரிமையோடு கூப்பிட்டவரின் குரலில் சிரிப்பு இல்லை. அவருக்குப் பக்கத்தில் நின்ற பெண் தன் கைப்பேசியைத் திறந்து எதையோ தேட ஆரம்பித்தாள்.

மாதவ் அவள் முழங்கையைத் தொட்டார். "வீட்டுக்குப் போலாம் குந்தா. நாளைக்கு நாப்பது பேர் வராங்க. ரவை வறுக்கணும்."

"வரட்டும். கேசரி சாப்பிடட்டும். சாப்பிட்டுட்டு அவங்கவங்க பேங்குக்குப் போய்க் கேக்கட்டும்."

ஸ்வானந்த் எழுந்தான். காவலாளி வந்து வாசல் ஷட்டரைப் பாதி இறக்கினான். வெளிச்சம் இவர்கள் கால்வரைக்கும் சுருங்கிற்று. "காகூ, நிஜமாவே நேரமாச்சு. பண்டிகை முடிஞ்சு வாங்களேன், நான் எல்லாம் எடுத்து வைக்கிறேன்."

குந்தா செருப்புகளைக் கழற்றி மேசைக்கு அடியில் தள்ளினாள். புடவையை முழங்காலுக்கு மேலே சற்று இழுத்துச் செருகிக்கொண்டு, இரண்டு கால்களையும் தூக்கி தான் இருந்த சுழல் நாற்காலியின் மேலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்தாள்.