பதினேழாம் நம்பர் டோக்கன்

மலையைக் காட்டுவது சுலபம், மலை எங்கேயும் போகாது. காட்டக் கூட்டிப் போன ஆட்கள்தான் ஆளுக்கொரு பக்கம் போவார்கள்.

கல்யாணத்துக்கு ஒரு வேன் சொந்தக்காரர்களை ஏற்றிப் போனவர்கள், பள்ளிக்கூடப் பிள்ளைகளை அருவிக்குக் கூட்டிப் போய் எண்ணி எண்ணித் தொண்டை வற்றிய டீச்சர்மார், எல்லாரும் என் இனம். உங்களிடம் சொன்னால் புரியும். ஆண்டர்சன்பேட்டையில் ஒரு டிராவல்ஸில் ஆறு வருஷமாக இந்த வேலை பார்க்கிறேன். நாலு நாள் பயணம். முதலில் ஏலகிரி, பிறகு ஜவ்வாது மலையில் பெயர்ப்பலகைகூட இல்லாத சின்னச் சின்ன ஊர்கள். முதலாளியின் மருமகள் ஷீலா மைக் பிடித்துப் பேசுவாள். எண்ணுவது நான். இதுவரை நாற்பத்தோரு பயணம். இங்கே எழுதுவது முப்பத்தெட்டாவது.

கை மட்டும் தெரியும் ஜன்னல்

தங்கச் சுரங்கம் மூடும்வரை மைசூர் மைன்ஸில் ஷாப்ட் குழியின் வாயிலில் டோக்கன் ஜன்னலில் இருந்தேன். ஏழாம் வகுப்புப் படிப்புக்கு அது பெரிய வேலை. கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் ஏறிக் கீழே இறங்குகிறவன் தன் நம்பர் போட்ட பித்தளை டோக்கனை வாங்கிக்கொண்டு போவான். மேலே வந்ததும் திருப்பித் தருவான். பலகையில் ஓர் ஆணி காலியாக இருந்தால் ஓர் ஆள் இன்னும் பூமிக்குள் இருக்கிறான் என்று அர்த்தம். ஜன்னல் ஒரு சாண் உயரம்தான். அதில் கை மட்டும் தெரியும், முகம் தெரியாது. யாரையும் நிமிர்ந்து பார்த்துப் பேச வராத எனக்கு அது வசதியாக இருந்தது. சில பேர் கூட்டாளியின் டோக்கனையும் சேர்த்து நீட்டுவார்கள். இரண்டையும் திருப்பித் தள்ளிவிடுவேன். ஒரு கைக்கு ஒரு டோக்கன்.

வேனிலும் அதே ஏற்பாட்டைச் செய்தேன். பாத்திரக் கடையில் சொல்லி இருபத்திரண்டு பித்தளை வில்லை வெட்டி நம்பர் அடித்தேன். கதவுக்குப் பக்கத்தில் இருபத்திரண்டு ஆணி அடித்த பலகை. இறங்கும்போது டோக்கனை எடுத்துப் போக வேண்டும், ஏறும்போது மாட்ட வேண்டும். பலகை நிறைந்தால்தான் விசில். பெண்களை முகம் பார்த்து எண்ணும் சங்கடம் எனக்கு இல்லை. முதல் நாள் காலையில் டோக்கனைக் கொடுத்துக்கொண்டு வந்தபோது ஷீலா என் காதருகே வந்து சொன்னாள்:

"அங்கிள், வாட்ஸ்அப் குரூப் போட்டிருக்கேன், சும்னே இது எதுக்கு? செருப்பு விடற எடத்துல கொடுக்கற டோக்கன் மாதிரியே கீது."

பின் சக்கரம்

அன்று மத்தியானம் மலைப் பாதையில் ஒரு கொண்டை ஊசி வளைவில் எதிரே கல் லாரி வந்து நின்றது. லாரி பின்னால் போக முடியாது, நாங்கள்தான் போக வேண்டும். டிரைவர் முனிராஜு கண்ணாடியைப் பார்த்தபடியே பின்னால் எடுத்தார். நான் இறங்கிப் பின்னால் நின்றேன். இடது பின் சக்கரத்துக்கும் தார் முடிகிற இடத்துக்கும் நடுவில் என் கையால் ஒன்றரைச் சாண் இருந்தது. அதற்கு அப்பால் மரங்களின் உச்சிதான் தெரிந்தது. எல்லாரையும் இறக்கிவிடச் சொன்னேன். டோக்கனை எடுத்துக்கொண்டு இறங்கச் சொன்னேன்.

பலகைக்கு முன்னால் நின்றவர் ஜோசப். அவரும் அவருடைய கூட்டாளி ஏழுமலையும் முப்பது வருஷம் ஒரே ஷிப்டில், ஒரே லெவலில் பாறையைத் துளைக்க டிரில் போட்டவர்கள். இப்போது இருவருக்கும் எழுபதைத் தாண்டிவிட்டது. ஏழுமலைக்கு வலது முழங்கால் மடங்காது, சர்க்கரையும் உண்டு. அதனால் வேனில் அவருக்கு முன்னால் ஒற்றை சீட். ஜோசப் கடைசி சீட்டில் ஜன்னலோரம். வண்டி பள்ளத்தின் பக்கம் லேசாகச் சாய்ந்திருக்க, ஜோசப் ஆணியில் தன் பதினாறாம் நம்பரைத் தேடிக்கொண்டே கத்தினார்:

"இன்னா சார், செத்தாலும் டோக்கனோடதான் சாகணுமா?"

ஒன்பதாம் நம்பர்

இரண்டாம் நாள் சாயங்காலம் ஒரு மலையூரில் எல்லாரும் தேனும் பலாப்பழமும் வாங்கிக்கொண்டு ஏறினார்கள். ஒன்பதாம் ஆணி காலி. ஒன்பது ரோஸ்லின் டீச்சர், ஓய்வு பெற்றவர். அவரோ சீட்டில் உட்கார்ந்து விசிறிக்கொண்டிருந்தார். டோக்கன் எங்கே என்று கேட்டால் தெரியாது என்றார். கைப்பையைக் கொட்டினார்கள். சீட்டுக்கு அடியில் டார்ச் அடித்தார்கள். தேன் வாங்கிய வீடுவரை ஷீலா ஓடிப் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். "அதான் ஆளே உக்காந்துகினு கீறாங்களே, வண்டிய எடுங்க" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. பலகை நிறையாமல் நான் விசில் ஊத மாட்டேன் என்றேன். தரையைப் பார்த்துக்கொண்டுதான் சொன்னேன், ஆனால் சொன்னேன்.

முப்பத்தைந்து நிமிஷம் நின்றோம். டோக்கன் அவருடைய பிளாஸ்க் மூடிக்குள் இருந்தது, தொலைந்துவிடக் கூடாதென்று அவரே பத்திரமாகப் போட்டு வைத்தது. டீச்சர் அழும் நிலைக்கு வந்துவிட்டார். மற்றவர்கள் என்னைப் பார்த்த பார்வை முதுகில் உறைத்தது. அன்று ராத்திரி தங்கும் இடத்தில் இறங்கும்போது ஜோசப் தன் டோக்கனோடு ஏழுமலையின் பதினேழையும் எடுத்துத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். நானும் தலையாட்டினேன். அப்போது அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"கேஜ்கூட நமக்கோசரம் இவ்ளோ நேரம் நின்னதில்ல. இவன் எங்கனா வெச்சிட்டுத் தேடுவான். இனிமே எங்க ரெண்டு பேருதையும் நானே பாத்துக்கறேன் சார்."

நிறைந்த பலகை

மூன்றாம் நாள் அருவிக்கு மேலே இருபது வீடுகள் இருக்கும் ஓர் ஊர். கடைசி வீட்டைத் தாண்டி நாலு பேர் பாறையில் கிணறு வெட்டிக்கொண்டிருந்தார்கள். சுரங்கத்தில் கல்லோடு மல்லுக்கட்டியவர்களுக்கு இதில் பார்க்க என்ன இருக்கிறது என்று நினைத்து நடந்துவிட்டேன். மூன்றரை மணிக்கு மலை உச்சியிலிருந்து மூடுபனி இறங்கியது. தூறலும் சேர்ந்தது. எல்லாரும் ஓடி வந்து ஏறினார்கள். நான் பலகையைப் பார்த்தேன். இருபத்திரண்டு. விசில் ஊதிவிட்டு டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்தேன். மணி மூன்று ஐம்பது.

பதினாலு கிலோமீட்டர் கீழே வனத்துறை கேட். அதன் பக்கத்தில் டீக்கடை. எல்லாரும் டோக்கனை எடுத்துக்கொண்டு இறங்கினார்கள். பலகையில் ஒன்று மிச்சம் இருந்தது. பதினேழு. தூங்குகிறார் போலிருக்கிறது என்று உள்ளே போனேன். ஒற்றை சீட்டில் யாரோ வாங்கிய பலாப்பழம், மேலே ஈரத் துண்டு போர்த்தியபடி. பின்னாலிருந்து பார்த்தவர்களுக்கு ஓர் ஆள் குனிந்து தூங்குவது போலத்தான் இருந்திருக்கும். சீட்டுக்கு அடியில் ஏழுமலையின் மஞ்சள் பை. உள்ளே அவருடைய சர்க்கரை மாத்திரையும் தொடாத மத்தியானச் சோறும்.

ஜோசப் டீ கிளாஸோடு நின்றுகொண்டிருந்தார். நான் பதினேழை எடுத்து அவரிடம் காட்டினேன். அவர் கிளாஸைக் கீழே வைத்தார்.

"பின்னாடியே வரான்னு நெனச்சேன் சார். இன்னிக்கும் எல்லாரும் திட்டப் போறாங்கன்னு அவன்துதையும் நானே மாட்டிட்டேன். ஏறனதும் தூங்கிட்டேன். எறங்கறப்போ அவன் தூங்கறான்னு நெனச்சு அவன்துத எடுக்கல."

கேட்

ஷீலா அழைத்துப் பார்த்தாள். ஏழுமலையின் போன் மஞ்சள் பைக்குள்ளேயே அடித்தது. மேலே அந்த ஊரில் யாருக்கும் டவர் கிடையாது. "அங்கிள், மத்தவங்கள இங்க விட்டுட்டு நாம மட்டும் போலாமா?" என்றாள். ரோஸ்லின் டீச்சர் முதல் ஆளாக ஏறி உட்கார்ந்து, ஒன்பதை ஆணியில் மாட்டினார். அவர் பின்னால் மற்றவர்களும் வரிசையாக மாட்டினார்கள். இருபத்தொன்று.

ஐந்து மணிக்கு மேல் மேலே எந்த வண்டியையும் விட மாட்டார்கள். அப்போது நாலு ஐம்பத்திரண்டு. கேட்காரர் சங்கிலியைக் கையில் எடுத்துவிட்டார். ஷீலா கெஞ்சினாள். முனிராஜு கன்னடத்தில் ஒரு முறையும் தெலுங்கில் ஒரு முறையும் கெஞ்சினார். நான் கீழே இறங்கி, பதினேழாம் நம்பர் டோக்கனைக் கேட்காரரின் உள்ளங்கையில் வைத்து, ஓர் ஆள் மேலே இருக்கிறார், விட்டுவிட்டு வந்தது நான் என்றேன். அவர் டோக்கனைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சங்கிலியை இறக்கினார். டோக்கனைத் திருப்பித் தரும்போது கேட்டார்:

"இருட்டறதுக்குள்ள எறங்கிடுங்க, கரடி ரோட்டுக்கு வரும். ஆள எண்ணித்தானே ஏத்துனீங்க, பெரியவரே?"

கிணற்றோரம் செருப்பு

பதினாலு கிலோமீட்டரில் இருபத்தாறு வளைவு. ஒவ்வொன்றையும் எண்ணினேன், எண்ணாவிட்டால் வேறு நினைப்பு வந்துவிடும். மூடுபனியில் முனிராஜு தலையை ஜன்னலுக்கு வெளியே நீட்டி ஓட்டினார். பின்னால் யாரோ ஜெபம் சொன்னார்கள், யாரோ முருகா முருகா என்றார்கள். ஜோசப் மஞ்சள் பையை மார்போடு அணைத்துக்கொண்டு, பலாப்பழம் இருந்த ஒற்றை சீட்டுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டே வந்தார். உட்காரச் சொன்னால் உட்காரவில்லை. என் தலைக்குள் ஒன்றுதான் ஓடியது. ஜன்னலாக இருந்திருந்தால் ஒரே கையில் இரண்டு டோக்கனைப் பார்த்திருப்பேன். பலகைக்கு யார் கை மாட்டியது என்று தெரியாது.

அருவிப் பாதையில் கூப்பிட்டோம். பதில் இல்லை. வீடுகளில் கேட்டோம். பார்க்கவில்லை என்றார்கள். கிணற்றுப் பக்கம் நான்தான் முதலில் போனேன். வெட்டின கல் குவியல், குழிக்கு மேல் கட்டிய கப்பி, கயிறு. ஆள் யாரும் இல்லை. கிணற்றின் விளிம்பில் ஒரு ஜோடி செருப்பு, ஒழுங்காகச் சேர்த்து வைத்தபடி. இடது செருப்பு தேய்ந்தும் வலது செருப்பு புதிது போலவும் இருந்தது. அது ஏழுமலை நடக்கிற நடை. ஜோசப் பின்னாலிருந்து அதைப் பார்த்துவிட்டு அப்படியே சேற்றில் உட்கார்ந்துவிட்டார். அப்போது கீழேயிருந்து டக், டக் என்று சத்தம் கேட்டது. பாறையைச் சுத்தியலால் தட்டி, காதை வைத்துக் கேட்டு, மறுபடி தட்டுகிற சத்தம். தொங்குகிற கல் வேறு விதமாக ஒலிக்கும். மைசூர் மைன்ஸில் ஒவ்வொரு ஷிப்டிலும் முதல் வேலை அது. எட்டிப் பார்த்தேன். முப்பதடி ஆழத்தில் வெட்டுகாரர் இருவரோடு ஏழுமலை. பக்கச் சுவரில் ஆள் உயரப் பாறை ஒன்று பிளந்து தொங்குவதை மேலிருந்தே கண்டுபிடித்திருக்கிறார். சொன்னால் நம்பவில்லை என்று, கல் அள்ளுகிற இரும்புக் கூடையில் உட்கார்ந்து இறங்கிவிட்டிருக்கிறார். மற்ற இருவர் பக்கத்து ஊரிலிருந்து நீளமான கடப்பாரை கொண்டுவரப் போயிருந்தார்கள். அவர்கள் வந்ததும் கூடையை இறக்கி மூன்று பேரையும் ஒவ்வொருவராக மேலே இழுத்தார்கள். கடைசியாக ஏழுமலை. பிறகு மேலேயிருந்தே கடப்பாரை விட்டு நெம்பினார்கள். அந்தப் பாறை விழுந்த சத்தம் அடங்கக் கொஞ்ச நேரம் ஆனது. காலையிலிருந்து அதன் அடியில் உட்கார்ந்துதான் அந்த நாலு பேரும் சோறு தின்றிருக்கிறார்கள்.

திட்டுவதற்கு நான் வார்த்தை சேர்த்து வைத்திருந்தேன். அதற்குள் ஜோசப் மாத்திரையையும் சோற்றையும் நீட்டி, "டேய், பயம் இல்லயாடா உனக்கு? மணி இன்னான்னு தெரியுமா?" என்று அழுதுகொண்டே கத்தினார். நாங்கள் கேட்வரை போய்த் திரும்பி வந்தது ஏழுமலைக்குத் தெரியாது. வண்டி ஸ்டார்ட் ஆகவில்லை, அதனால் காத்திருந்தோம் என்று ரோஸ்லின் டீச்சர் முந்திக்கொண்டு சொல்லிவிட்டார். இருபது பேரும் ஆமாம் என்றார்கள். பயண நோட்டில் தாமதம் இரண்டு மணி ஐந்து நிமிஷம் என்று எழுதினேன். காரணம் எழுதும் கட்டத்தை நான் காலியாக விட்டது அந்த ஒரு தடவைதான். ஏழுமலை வேன் படியில் நின்று பதினேழை என்னிடமிருந்து வாங்கித் தன் கையாலேயே மாட்டினார். ஜோசப்பைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்:

"எனக்கு இன்னாடா பயம்? டோக்கன் உன்னாண்ட இருந்திச்சு, நான் வராம நீ எப்படி மாட்டுவே? மாட்டாம சார் எப்படி வண்டிய எடுப்பாரு?"

இப்போதெல்லாம் பலகை நிறைந்த பிறகும் ஒவ்வொரு சீட்டாகப் போய் முகத்தைப் பார்த்துப் பெயரைச் சொல்லித்தான் எண்ணுகிறேன், இருபத்திரண்டு பேரும் அப்போது என் முகத்தைப் பார்க்கிறார்கள் என்பது ஒன்றுதான் இந்த வேலையில் மிச்சமிருக்கும் ஆபத்து.