உயிரோடிருப்பவருக்கு ஒப்பாரி

தோஹாவின் நஜ்மா பகுதியில் ஒரு மளிகைக் கடைக்கு மேலே, கீபோர்டும் கணினியுமாக ஒற்றை அறையில் குடியிருந்தேன். பிரியாணிக் கடைக்கும் நகைக் கடைக்கும் ரேடியோ விளம்பரப் பாட்டுப் போட்டுப் பிழைத்துக்கொண்டிருந்தவனுக்கு, ஜெர்மன் தொலைக்காட்சிப் படத்துக்கு இசை என்றதும் தலைகால் புரியவில்லை. தோஹாவில் கட்டடம் கட்டும் தமிழர்களைப் பற்றிய ஆவணப்படம். நான் போட்ட மெட்டையெல்லாம் இயக்குநர் அழகு என்பார். பிறகு கொஞ்சம் அதிகம் என்பார். புல்லாங்குழலை எடுத்தார், வயலினை எடுத்தார், மிஞ்சியது வெறும் சுருதி. இதற்கு ஓடுகிற ஏசி போதுமே என்று வாய்வரை வந்தது.

கடைசியில் ஒரு மனிதக் குரல் கேட்டார். தொழிலாளர் கேம்பில் தங்கிக் கம்பி கட்டும் அரியலூர்க்காரர் ஒருவர் நன்றாகப் பாடுவார். அழைத்து வந்து, "மனசுல இருக்கறதப் பாடுங்க" என்றேன். அந்த வருடம்தான் அவர் அம்மா இறந்திருந்தார். விசா கொடுத்த முதலாளி, கஃபீல், பாஸ்போர்ட்டைத் தராததால் ஊருக்குப் போக முடியவில்லை. கண்ணை மூடி ஒப்பாரியைத் தொடங்கிவிட்டார். அழுகிற மனிதரை யார் நிறுத்துவது? இயக்குநரும் கண் கலங்கினார். படத்தில் அம்மாவின் சாவைப் பாடியவரே சொல்லும் இடத்தில் அது வரும் என்று பேசிக்கொண்டோம்.

ஜெர்மனியிலிருந்து எடிட் முடித்த பிரதி வந்தது. பாட்டு வேறொருவர் முகத்தின்மேல் ஓடியது. பாடியவரோடு ஒரே ரூமில் தங்கும் கொத்தனார், காலை டூட்டிக்குப் பேருந்தில் ஏறி, ஜன்னலோரம் உட்கார்ந்து சிரிக்கிறார். கூடவே ஒப்பாரி. இயக்குநரிடம் போனில் கத்தினேன். உயிரோடு இருப்பவர்மேல் இதைப் பாடக் கூடாது, எங்கள் ஊரில் சாவு விழாத வீட்டில் சும்மா முணுமுணுத்தாலே அடிக்க வருவார்கள் என்றேன். ஜெர்மனியில் யாருக்கும் வார்த்தை புரியாது, சோகம் மட்டும் புரியும் என்றார் அவர், பொறுமையாக. அந்தப் பொறுமைதான் எனக்கு ஆத்திரமூட்டியது. வேறு மெட்டுப் போட்டு அனுப்பினேன். ஒப்பாரியோடு அப்படியே ஒளிபரப்பிவிட்டார்கள்.

பிறகு இயக்குநர் கேம்புக்கும் ஒரு டிவிடி அனுப்பிவைத்தார். அன்பில் குறை சொல்ல முடியாது. வெள்ளிக்கிழமை ரூம் கொள்ளாத கூட்டம். தடுக்கப் போன நான், என்ன சொல்லித் தடுப்பது என்று விளங்காமல் கதவோரம் நின்றேன். பேருந்தில் கொத்தனாரைக் கண்டதும் விசிலடித்தார்கள். குரல் எழுந்ததும் அடங்கிப்போனார்கள். பாடியவர் பதறி எழுந்தார்.

"அண்ணே, சத்தியமா இது ஒங்களுக்குப் பாடல. எங்க அம்மாவுக்குண்ணே."

கொத்தனார் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"தெரியும்டா தம்பி, ஒக்காரு. இங்க செத்தா பொட்டியில வச்சு அனுப்புவானுவ. எப்ப போயிச் சேருமோ, யாரு இருந்து பாடுவாவளோ. இருக்கறப்பவே கேட்டுக்கறேன், வுடு."

சத்தத்தை இன்னும் கொஞ்சம் கூட்டச் சொன்னார்.