ஒரு ரன்னும் ஒரு ‘போடா’வும்

எட்டாம் வகுப்போடு படிப்பை மூட்டை கட்டிவிட்டு, இன்று மூன்று மோட்டார் பம்பு கடைக்கு முதலாளியாக இருக்கிறேன். ஆனாலும், இளையோர் தேசியக் கிரிக்கெட் அணியில் ஆடியவன் என்று சொல்லும்போது வருகிற மிடுக்கே தனி.

அந்த அணியில் என் கூட்டாளி கட்டை. ஆள் குள்ளம்; பந்து வீசினால் புலி, மட்டை பிடித்தால் எலி. இப்போது பள்ளி வேன் ஓட்டுகிறான்.

இறுதிப் போட்டியில் வெல்ல ஒரே ஒரு ரன் வேண்டும். பந்துகள் மிச்சமிருந்தன, விக்கெட்தான் ஒன்றே ஒன்று. மட்டை என் கையில், எதிர்முனையில் கட்டை. என் அடி எப்போதும் எல்லைக்கோட்டைத் தாண்டும். அன்று பார்த்து, பந்து உருண்டு பக்கத்தில் நின்றவன் காலடிக்கே போனது. சலிப்பில், “அட போடா!” என்று கத்தினேன்.

ஓடச் சொல்கிறேன் என்று நினைத்துக் கட்டை பாய்ந்து வந்தான். வேறு வழியின்றி நானும் ஓடினேன். பந்தை எடுத்தவன் பதறிப்போய் எறிய, அது எங்கோ பறந்தது. ஜெயித்துவிட்டோம்.

உடை மாற்றும் அறையில், “எவன்டா அந்த ரன்னுக்குக் கூப்பிட்டது?” என்றார் பயிற்சியாளர்.

“இவன்தான் சார் போடான்னான். ஓடிட்டேன்” என்றான் கட்டை.

“டேய், அவன் உன்னைத் திட்டியிருக்கான்டா!” என்று கேப்டன் சொல்ல, அறையே சிரித்தது.

கட்டையின் முகம் சுருங்கிவிட்டது. “நிஜமாவா மாப்ள? உன்ன நம்பித்தானே கண்ண மூடிட்டு ஓடினேன்.”

“அவன் கெடக்கான். ஓடத்தான்டா சொன்னேன். அந்த ரன் கெடைக்கும்னு எனக்குத் தெரியும்” என்றேன்.

இன்றும் வேனில் வரும் பிள்ளைகளிடம் என் துணிச்சலைப் பற்றித்தான் பேசுகிறானாம். நானும் மறுப்பதில்லை. கேட்கக் கேட்க, அப்படித்தான் நடந்தது என்று எனக்கே தோன்றுகிறது.