எந்த அசரியா?

செய்தி வந்தபோது காலை மணி ஒன்பது நாற்பது. யாங்கோன் நகரின் தாமுவேயில், வட்டார அலுவலகத்துக்கு எதிரே, பெரிய குடைக்கடியில் மேசை போட்டு உட்கார்ந்திருந்த தங்கமணியின் போன் அலறியது.

“அக்கா, நாம அவுட்டு! உங்க பதில் தப்பாம். செல்வம் சயா மார்க்கு போடல,” என்றாள் புஷ்பா. வேதாகம வினாவிடைப் போட்டியில் தாமுவே சபைக்கு இவர்கள் இருவரும்தான் ஜோடி. பர்மிய வழக்கில் ‘சயா’ என்று எல்லாரும் கூப்பிடும் செல்வம் ஆசிரியர் நடுவர்.

“எந்தப் பதிலு?”

“நேத்துச் சுத்துல, கோயிலுக்குள்ள தூபங்காட்டப் போன ராஜா யாருன்னு கேட்டாங்கள்ல. நீங்க அசரியான்னீங்க. அது அவனைத் தடுத்த ஆசாரியன் பேராம். ராஜா உசியாவாம்.”

“ரெண்டு பேருமே அசரியாதான்டி!”

“அத பபேடான் மண்டபத்துக்கு வந்து சொல்லுங்க. பன்னெண்டு மணி வரைக்கும்தான் நேரம். இல்லேன்னா சாயங்காலம் பைனல்ல நாம கைதட்டத்தான் போகணும்.”

பதினோரு வருஷம் போட்டியிட்டும் தாமுவே சபை ஒருமுறைகூட இறுதிச் சுற்றை எட்டியதில்லை. தங்கமணி குடையை மடக்கினார்.

அவர் படித்ததெல்லாம் பர்மியப் பள்ளியில். தமிழை ஞாயிறு பள்ளியில் பைபிளை வைத்து எழுத்துக்கூட்டிப் பிடித்தவர். இருபத்தெட்டு வருஷமாக ஊராருக்கு அரசாங்கப் படிவங்கள் நிரப்பித் தருவதே பிழைப்பு. குடும்பப் பெயர் வழக்கமில்லாத யாங்கோனில் தெருவுக்கு ‘மா திடா’ என்ற பெயரில் நாலு பெண்கள் இருப்பார்கள். அதனால் யார் வந்து உட்கார்ந்தாலும் பெயரைக் கேட்ட மூச்சிலேயே, “அப்பா பேரு?” என்பார்.

பபேடான் பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்ததே பாதி வெற்றி. மடியில் பைபிளை விரித்து இரண்டு படிவங்களை எடுத்தார். இராஜாக்கள் புத்தகத்தைப் பார்த்து ஒன்றில் எழுதினார்: பெயர் அசரியா, அப்பா அமத்சியா, அம்மா எக்கோலியாள், பட்டத்துக்கு வந்த வயது பதினாறு. நாளாகமத்தைப் பார்த்து அடுத்ததில்: பெயர் உசியா, அப்பா அமத்சியா, அம்மா எக்கோலியாள், வயது பதினாறு.

மண்டபத்தில் படிவங்களைக் கண்டதும் செல்வம் ஆசிரியர் பர்மிய மரியாதைக்கு ‘டோ’ போட்டுச் சிரித்தார். “என்ன டோ தங்கமணி, ராஜாவுக்கு அடையாள அட்டை எடுக்கறீங்களா?”

“ஒரே அப்பா, ஒரே அம்மா, ஒரே வயசு. ஆபீசுல குடுத்தா என்ன சொல்லுவாங்க சயா?”

அவர் இரண்டு இடங்களையும் தாமே புரட்டிப் பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடியும் பார்த்தார்.

“ஆளு ஒண்ணுதாம்பான். ஒரே ஆளுக்கு எதுக்கு ரெண்டு பேருன்னு திட்டவும் செய்வான். போனவனும் அசரியா, தடுத்தவனும் அசரியா! என் விடைத்தாள்லதான் பாதியைக் காணோம்.”

மணி பதினொன்று ஐம்பது. மார்க்கு விழுந்தது. புஷ்பா போட்ட கூச்சலில் தெருவில் பழம் விற்றவர்கள்கூட எட்டிப் பார்த்தார்கள்.

“அந்த ஆசாரியனுக்கும் ஒரு படிவம் போடுங்க பார்ப்போம்,” என்று சீண்டினார் ஆசிரியர்.

“ஏன், போட மாட்டேனா?”

அன்று மாலை தாமுவே சபை இரண்டாம் இடம் பெற்றது. முதலிடம் வந்தவர்களைவிட இவர்கள் சத்தம்தான் பெரிது.

மூன்று வருஷம் கழித்து, தங்கமணியை அடக்கம் செய்த வாரத்தில், புஷ்பா அவருடைய பைபிளைத் திறந்தாள். நாளாகமத்தில் ஒரு படிவம் செருகியிருந்தது. பெயர் அசரியா, தொழில் ஆசாரியன், ஊர் எருசலேம். ஆசாரியர் வம்ச வரலாற்றில் இருக்கும் அசரியாக்கள் மூவரில் அவன் யார், அவர்களில் ஒருவன்தானா என்று பைபிளில் எங்கும் எழுதியிருக்கவில்லை. அந்த மூவரின் அப்பாக்களான அகிமாஸ், யோகனான், இல்க்கியா பெயர்களை ‘அப்பா பெயர்’ கட்டத்தில் பென்சிலால் எழுதி, மூன்றையும் அழித்திருந்தார். கட்டம் காலியாக இருந்தது.