பெயர் எழுதிய டின்

ஜன்னல் கம்பியில் தொங்கும் ஸ்பிரிங் தராசில் பையை மாட்டிவிட்டு, ஹபிபுல்லா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு முள்ளைப் பார்க்கிறார். "ரெண்டே கால் கிலோ. இன்னும் போவும், குடுங்க." முள் எங்கே நின்றாலும் அவர் சொல்வது இதுதான். விடுமுறை முடிந்து லப்பைக்குடிக்காட்டிலிருந்து கிளம்பும் வாரம் முழுக்க இந்தக் கூத்துத்தான். மகனுக்குக் கருவாட்டுப் பொடி, மருமகனுக்கு மூல மருந்து, புருஷனுக்குப் பிள்ளையின் பள்ளிக்கூடப் போட்டோ என்று தெருவே வாசலில் நிற்கும். வளைகுடாவில் போய் இறங்கியதும், வெள்ளிக்கிழமைகளில் தொழிலாளர் முகாம் முகாமாக ஏறி இறங்கி அவரே கொடுத்துவிட்டு வருகிறாராம். இந்த ஒரு வருஷமாக யாருக்கும் அவர் முடியாது என்று சொன்னதில்லை.

சுமக்கிறவர் ஒரு நாட்டின் தூதர். நம் நாட்டுத் தூதர் என்று நினைத்துவிட வேண்டாம். பத்தொன்பது வயதில் ஆப்பிரிக்கக் கரைக்கு அப்பால் ஒரு சின்னத் தீவு நாட்டுக்கு, ஜவுளிக்கடையில் துணி மடிக்கப் போனவர். அங்கேயே கடை வைத்தார், குடியுரிமையும் வாங்கினார். புயலில் தீவு பாதி அழிந்த வருஷம் கிடங்கைத் திறந்துவிட்டு, வந்தவர்களெல்லாம் எடுத்துப் போகட்டும் என்று ஒதுங்கி நின்றார். தீவு அதை மறக்கவில்லை. அரபியும் சரளமாகப் பேசுவார் என்பதால், 2001-ல் ஒரு வளைகுடா நாட்டுக்குத் தன் தூதராக அவரை அனுப்பியது. அங்கே காரில் கொடி பறக்கும். இங்கே லுங்கியும் கைவைத்த பனியனும்தான். டீயைச் சாஸரில் ஊற்றி ஊதித்தான் குடிப்பார்.

இந்தப் பெரிய மனிதர் நிமிர்ந்து நடப்பதை நிறுத்தி ஒரு வருஷம் ஆகிறது.

அவர் வீட்டு மாடியைக் கட்டியவர் தா.பழூர் கொத்தனார் அய்யம்பெருமாள். மாடி கட்டிய வருஷ விடுமுறை முழுக்க ஹபிபுல்லா அவரோடு சாரத்தில் ஏறி இறங்கினார். மத்தியானச் சோறும் அவரோடுதான். பரிமாறியது அதே வீட்டில் இருக்கும் அக்கா ஜரீனா. பழகிய பழக்கத்தில், இரண்டு கையாலும் கைபிடித்து சலாம் சொல்வது கொத்தனாருக்கும் ஒட்டிக்கொண்டது. 2003-ல் அதே வளைகுடா நாட்டில் அவருக்கு வேலை கிடைத்தபோது, தம்பிக்கு என்று ஒரு நிடோ பால்பவுடர் டின் நிறைய அச்சுமுறுக்கு கொடுத்துவிட்டார் ஜரீனா. மூடியில் நகப்பூச்சால் ஜரீனாவின் பெயர். இந்த ஊரில் கொடுத்தனுப்புகிற டின்னில் கொடுத்தவர் பெயர் இருக்கும். காலி டின் வீடு திரும்பினால்தான் பண்டம் போய்ச் சேர்ந்தது என்று அர்த்தம்.

முதல் வெள்ளிக்கிழமையே அய்யம்பெருமாள் டின்னோடு தூதரகம் போனார். தீவின் தேசிய தின விருந்து, எல்லோரும் ஓட்டலில் இருக்கிறார்கள் என்றார்கள். மனிதர் ஓட்டலுக்கே போய்விட்டார். கோட்டும் டையுமாக இரண்டு அமைச்சர்களோடு நின்றுகொண்டிருந்தார் ஹபிபுல்லா.

"பாய்! நாந்தான் பாய், அய்யம்பெருமாளு!"

டின்னை அக்குளில் இடுக்கிக்கொண்டு இரண்டு கைகளையும் நீட்டினார், முகாம் கொடுத்த நீலச் சட்டையோடு.

தெரிந்தவரா என்று ஓர் அமைச்சர் அரபியில் கேட்டார். ஹபிபுல்லா கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். மூடியில் இருந்த அக்காவின் பெயரைப் படித்துவிட்டுத்தான், இல்லை என்று தலையாட்டினார்.

அரபி தெரியாவிட்டால் என்ன, தலையாட்டல் புரியாதா? "மன்னிச்சுக்கங்க சார்" என்றார் அய்யம்பெருமாள். காவலாள் வந்து தோளைத் தொடுவதற்குள் திரும்பி நடந்துவிட்டார்.

ஏன் அப்படிச் செய்தோம் என்று ஹபிபுல்லா தன்னையே நூறு தடவை கேட்டாயிற்று. கடைக்காரன் தூதராகிவிட்டான் என்று அந்தக் கூட்டத்தில் ஏற்கெனவே ஓர் இளக்காரம் உண்டு. கூலிக்காரனோடு வேறு சேர்த்துப் பார்ப்பார்களோ என்ற பயம். மறுநாள் தேடிப் போகலாம் என்றிருந்தார். மறுநாளும் அப்படியே இருந்தார். இரண்டு வருஷம் ஓடிவிட்டது.

போன வருஷ விடுமுறையில் அடுப்படி அலமாரியில் அந்த டின்னைப் பார்த்தார். "பழூர் புள்ள ஊருக்கு வந்துருச்சு தம்பி," என்றார் ஜரீனா. "டின்ன கழுவித் தொடச்சு அதுவே கொண்டாந்து குடுத்துச்சு. நீ நின்ன நெலையில நாலு முறுக்கத் தின்னுட்டு, அக்கா கை ருசி அப்புடியே இருக்குன்னியாமே!"

"ஆமாக்கா," என்றார் ஹபிபுல்லா. அய்யம்பெருமாள் ஊர் கூட்டி ஏசியிருந்தால்கூடத் தாங்கியிருப்பார். தராசு வாங்கியது அதற்கு மறுநாள்.

இந்த விடுமுறையில் பஸ் மாறி இரண்டு தடவை தா.பழூர் போனார். இரண்டு தடவையும் பஸ் ஸ்டாண்டில் டீ குடித்துவிட்டுத் திரும்பிவிட்டார். போன வாரம் மூன்றாம் தடவை, விசாரித்துக்கொண்டு வேலை நடக்கும் இடத்துக்கே போய் நின்றார். சாரத்தின் மேலிருந்த அய்யம்பெருமாள் பார்த்துவிட்டு, "பாய்! வாங்க, வாங்க. ஜரீனாம்மா சௌக்கியமா?" என்று இறங்கி வந்தார்.

வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்ததை ஹபிபுல்லா தொடங்கினார். "அன்னைக்கி ஓட்டல்ல நான்..."

"யாருண்ணே இவங்க?" என்றாள் கலவை சுமந்து வந்த சித்தாள் அம்மாக்கண்ணு.

"இவரா? நம்ம பாய். நான் போயிருந்த அரபு நாட்டுல எனக்குத் தெரிஞ்சவருன்னு இருந்தது இவரு ஒருத்தருதான்."

குத்திக்காட்டுகிறாரா என்று ஹபிபுல்லா அந்த முகத்தைப் பார்த்தார். அப்படி ஒன்றும் அதில் இல்லை. நின்ற இடத்திலேயே கூனிக் குறுகிப்போனார். இரண்டு கைகளையும் நீட்டினார்.

"கையெல்லாம் கலவை பாய்," என்று அய்யம்பெருமாள் கைகளைப் பின்னால் கொண்டுபோனார். ஹபிபுல்லா எட்டி அந்தக் கைகளைப் பிடித்து முன்னால் இழுத்தார். சிமெண்டு அவருடைய வெள்ளைச் சட்டைக் கையில் வழிந்தது.

"விடுங்க பாய், கலவை இறுகிடும்."

ஹபிபுல்லா குனிந்த தலையோடு நின்றார், கையை விடவில்லை.