சலூன்காரரின் ஆசி

ஒருவருக்குப் பாதி முடி வெட்டிக்கொண்டிருந்தபோதுதான், உலகத்தைக் காப்பாற்ற வந்தவர் தானே என்பது சலூன்காரருக்குத் தெரிந்தது. உள்ளேயிருந்த மனைவியைக் கூப்பிட்டுச் சொன்னார்.

"சரிங்க. முதல்ல அவருக்கு மறுபக்கத்தையும் வெட்டி அனுப்புங்க" என்றாள் அவள்.

கடைசிவரை அவள் நம்பவில்லை. நம்பியவர்கள் ஆறே பேர். வாராவாரம் கடையின் பின்னறையில் கூடுவார்கள். அவர் ஒவ்வொருவர் தலையிலும் கைவைத்து ஆசி சொல்வார். பிறகு இரண்டு விரலால் மோவாயைப் பிடித்து, முகத்தை இப்படியும் அப்படியும் திருப்பி உற்றுப் பார்ப்பார். பாவம் போய்விட்டதா என்று பார்ப்பதாக அவர்களுக்கு நினைப்பு. கிருதா இரண்டும் சமமாக இருக்கிறதா என்று பார்க்கும் முப்பது வருடக் கைப்பழக்கம் அது. தெரிந்தும் அவள் வாயைத் திறக்கவில்லை.

அவர் இறந்துபோன மறுவாரமும் ஆறு பேரும் வந்தார்கள். அவர்களில் மூத்தவரான தையல்காரர், "உங்களுக்கு ஆசி சொல்லட்டுமாம்மா?" என்று தயங்கிக் கேட்டார். போனால் போகிறதென்று தலையைக் கொடுத்தாள். தலையில் கைவைத்தவர், இரண்டு விரலால் மோவாயைப் பிடித்து முகத்தை ஒருபக்கம் திருப்பினார். அவள் கண் நிறைந்ததைப் பார்த்ததும் கையை எடுக்கப் போனார்.

"மறுபக்கத்தையும் பாத்துடுங்கண்ணே" என்றாள் அவள்.