ஃபுளோரன்ஸில் எடுத்த குரூப் போட்டோ

போன மாதம் ஃபுளோரன்ஸ் நகரத்தை எட்டுப் பேராக நடந்தே சுற்றிப் பார்த்தோம். எங்கள் வழிகாட்டிப் பெண் அங்கே எடுத்த படத்தை இன்றுதான் அனுப்பினாள்.

நாங்கள் இப்போது குடியிருக்கும் டண்டினொங்கின் ஸ்டேஷனில் ரயிலுக்கு நின்றபடி மனைவியும் நானும் பார்த்தோம்.

எல்லோரும் தேவாலயக் கோபுரத்தை அண்ணாந்து பார்க்கிறார்கள். என் மனைவி மட்டும் தன் லைசென்ஸை நெஞ்சுக்கு நேரே பிடித்துக்கொண்டு நிற்கிறாள்.

"ஏனப்பா லைசென்ஸை எடுத்தனீர்?" என்று சிரித்தேன்.

"அந்த வழிகாட்டிப் பிள்ளை எங்களை வரிசையா நிப்பாட்டி எண்ணினவள் எல்லோ?"

மன்னார் இராணுவச் சோதனைச் சாவடியை அடையாள அட்டை காட்டிக் கடைசியாகக் கடந்து இருபது வருடமாகிறது.

படத்தைப் பெரிதாக்கினேன். அவளுக்குப் பின்னால் நான். என் சட்டைப் பையிலிருந்து லைசென்ஸ் பாதி வெளியே வந்திருந்தது.

நாங்கள் போய் நின்றதும் சோதனைச் சாவடி முளைக்காத ஊர் ஏதும் தெரிந்தால், கீழே சொல்லுங்கள். அடுத்த லீவுக்குப் போகலாம்.